போர் அணிக்கு மாறிய வாப்பா

நான் இப்போது குடியிருக்கும் நவி மும்பை ஐரோலிக் கட்டடத்தில் லிஃப்ட் மாதத்தில் பாதி நாள் ஓடாது. தண்ணீர் மோட்டார் நினைத்தால் ஓடும், நினைத்தால் நிற்கும். இதையெல்லாம் பேசித் தீர்ப்பதற்காகத் தொடங்கிய வாட்ஸ்அப் குழுவில், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, நாடு போருக்குப் போகலாமா வேண்டாமா என்று வாக்கெடுப்பு வைத்துவிட்டார்கள். மோட்டாரை மாற்றலாமா என்று ஆறு மாதமாக முடிவெடுக்கத் தெரியாத ஆட்கள்.

நான் அப்போது வாயில் பிரஷ்ஷோடு நின்றிருந்தேன். அந்த வாக்கெடுப்பில் ஒரு விவஸ்தைகெட்ட ஏற்பாடு உண்டு. யார் எதற்குப் போட்டார்கள் என்று தொட்டுப் பார்த்தால் பெயரோடு தெரியும். போடாமல் இருந்தவர் யார் என்று கண்டுபிடிக்கவும் பெரிய மூளை தேவையில்லை. வாயெல்லாம் நுரை. மூக்குக் கண்ணாடி எங்கே என்று தெரியவில்லை. தட்டுத் தடுமாறி 'ஆம்' என்பதை அழுத்தி, அது போதாதென்று மூன்று கொடி போட்டு, மூன்று கொடி கஞ்சத்தனமாகத் தெரியுமோ என்று இன்னும் இரண்டு போட்டேன். அதற்குப் பிறகுதான் வாய் கொப்பளித்தேன்.

"யாரு மவுத்தாயிட்டா? ஏன் இப்படி வேர்க்குது?" என்று கேட்டாள் மனைவி.

யாரும் சாகவில்லை என்றேன். கொஞ்சம் ஆசுவாசமான பிறகு பட்டியலைப் பார்த்தேன். மூன்றாம் மாடி மராத்திப் பெரியவர் ஒருவர் மட்டும் 'இல்லை' போட்டிருந்தார். கட்டடத்திலேயே ஒரே ஒருவர். போட்டுவிட்டுக் கீழே போய் துளசிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். ஜன்னல் வழியாக அவரைப் பார்க்கப் பார்க்க எனக்கு எரிச்சல் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு மனுஷன் இவ்வளவு நிம்மதியாக இருக்கலாமா?

அந்த எரிச்சலில்தான் வாப்பா நினைவு வந்தது.

எனக்கு அப்போது எட்டு வயது. தாராவியில் கீழே பட்டறை, மேலே ஏணி வைத்து ஏறும் ஒரு அறை. வாப்பா, உம்மா, நான், உம்மாவின் தம்பியான மாமா என்று நாலு பேர். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்தவர்கள். வாப்பா பெண்களுக்கான தோல் பைகள் தைத்துத் தாதர் கடைகளுக்குப் போடுவார். தோல் ஒட்டுகிற ரப்பர் பசையை நாங்கள் சொலுசன் என்போம். அந்த நெடி சேராமல் அவருக்கு இளைப்பு உண்டு. இளைப்போடு அந்த நெடியிலேயேதான் வருடக்கணக்காக உட்கார்ந்திருந்தார். கோழி வாங்கப் போனால், கடைக்காரர் கத்தியை எடுக்கும்போது இவர் எதிர்ச்சுவரில் ஒட்டியிருக்கும் நோட்டீஸைப் படிக்க ஆரம்பித்துவிடுவார். அப்படிப்பட்ட வீரர்.

எங்கள் சந்தில் எல்லாப் பட்டறைக்கும் பழைய மரக்கதவு. எங்களுக்கு மட்டும் புது இரும்புக் கதவு. பழைய கதவு என்ன ஆயிற்று என்று கேட்டால், கறையான் தின்றுவிட்டது என்பாள் உம்மா. ஆடு தின்றுவிட்டது என்பார் மாமா. வாப்பா ஊசியில் நூல் கோப்பார். தொண்ணூற்று மூன்றில், எனக்கு இரண்டு வயதிருக்கும்போது எல்லோரும் அவசரமாக ஊருக்குப் போய் மூன்று மாதம் இருந்துவிட்டு வந்தோம், திரும்பி வந்தபோது பழைய கதவு இல்லை, அவ்வளவுதான் எனக்குத் தெரியும். இரும்புக் கதவில் பந்தடித்தால் நல்ல சத்தம் வரும் என்பதால் கறையானுக்கு நான் நன்றியோடுதான் இருந்தேன்.

அந்த வருடம் கோடை லீவில் எல்லையில் ஏதோ தகராறு. சண்டைக்குப் போகலாமா, பொறுத்துப் பார்க்கலாமா என்று ஊரே பேசியது. குழாயடியில் பேசினார்கள், பார்பர் கடையில் பேசினார்கள், கக்கூஸ் வரிசையில் நின்றுகொண்டு பேசினார்கள். எல்லோரையும்விடச் சத்தமாகப் பேசியவர், சந்து முனையில் மளிகைக் கடை வைத்திருந்த அண்ணாச்சி. பருப்பு நிறுத்துக்கொண்டே "அடிச்சு நொறுக்கணும்வே. என்ன யோசன வேண்டிக்கிடக்கு" என்று தராசுத் தட்டில் படிக்கல்லை டங்கென்று வைப்பார். அந்த மூன்று வாரமும் எங்கள் சந்தில் யாருக்கும் சரியான எடை கிடைத்திருக்காது.

அண்ணாச்சிதான் எங்கள் பகுதித் தமிழ் மன்றத்தின் செயலாளர். மன்றத்துக்கு வருடம் ஒரு விழா, விழாவுக்கு ஒரு பட்டிமன்றம். பேசுகிறவர்கள் எந்த அணி என்பதைச் சீட்டு குலுக்கித்தான் முடிவு செய்வார்கள். எந்தச் சீட்டு வந்தாலும் அதைத் தன் பரம்பரைக் கொள்கை மாதிரிக் கழுத்து நரம்பு புடைக்கப் பேச வேண்டும், அதுதான் அதில் ருசி. அதற்கு முந்தின வருடம் வாப்பாவுக்கு 'சமையலில் கைதேர்ந்தவர் ஆண்களே' என்று சீட்டு வந்தது. பிரமாதமாகப் பேசிப் பரிசு வாங்கினார். உம்மா இரண்டு நாள் அடுப்புப் பற்றவைக்காமல், கைதேர்ந்தவரே சமைக்கட்டும் என்று உட்கார்ந்துவிட்டாள்.

இந்த வருடத் தலைப்பைக் கடை வாசல் கரும்பலகையில் அண்ணாச்சி தன் கையால் எழுதினார். 'இன்றைய நிலையில் நாட்டுக்குத் தேவை போரா? பொறுமையா?'

இதைப் படித்துவிட்டு நான் சும்மா இருந்திருக்கலாம். மாமாவிடம் போய் விளக்கம் கேட்டேன். மாமாவிடம் விளக்கம் கேட்பது நெருப்புப் பெட்டியிடம் வழி கேட்பது மாதிரி.

"ஏல மருமவனே, இது சும்மா பேச்சுன்னு நெனச்சியா? டில்லியில உள்ளவங்களுக்கு முடிவெடுக்கத் தெரியல. ஊரூரா பட்டிமன்றம் வச்சுத் தீர்ப்பு அனுப்புங்கன்னு சொல்லிட்டாங்க. எல்லா ஊரும் சரிக்குச் சரியா வந்து நிக்கி. நம்ம தாராவித் தீர்ப்பு ஒண்ணுதான் பாக்கி. நடுவர் வாயத் தொறந்த ஒடனே தந்தி போயிரும்."

"போர்னு தீர்ப்பு வந்துட்டா?"

"வீட்டுக்கு ஒரு ஆம்பள பட்டாளத்துக்குப் போகணும்."

"நம்ம வீட்ல நீங்க போவீங்களா மாமா?"

"எம் பேரு ஒங்க ரேஷன் கார்டுல இருக்கா? நான் விருந்தாளில்லா."

ஆறு வருட விருந்தாளி. நான் ஏணியில் ஏறி, அரிசி டின்னுக்குப் பின்னாலிருந்து ரேஷன் கார்டை எடுத்து, மராத்தி எழுத்துகளைக் கூட்டிக் கூட்டிப் படித்தேன். மாமா பெயர் நிஜமாகவே இல்லை. என் பெயர் இருந்தது, வயது ஒன்று என்று போட்டிருந்தது. ஒரு வயதுப் பிள்ளையைப் பட்டாளத்துக்கு அழைக்கமாட்டார்கள் என்று பெருமூச்சு விட்டேன். மிச்சம் இருந்த ஒரே ஆம்பளை வாப்பா. அவர் துப்பாக்கியைப் பிடித்துக்கொண்டு, சுடவேண்டிய நேரத்தில் முகத்தைத் திருப்பி ஏதாவது நோட்டீஸ் படித்துக்கொண்டு நிற்பதை நினைத்துப் பார்த்தேன். அன்று மத்தியானம் எனக்குச் சோறு இறங்கவில்லை.

சீட்டு குலுக்கியது அந்த வாரமே, கடையில் வைத்து. கடலை மிட்டாய் ஜாடியைக் கழுவி அதில் சீட்டுகளைப் போட்டார்கள். சின்னப் பிள்ளை எடுத்தால் நல்லது என்று என்னையே எடுக்கச் சொன்னார்கள். அண்ணாச்சிக்கு எடுத்தேன், 'போர்' என்று வந்தது. அண்ணாச்சி மீசையைத் தடவிக்கொண்டார். வாப்பாவுக்கு எடுத்தேன். பிரித்தேன். எழுத்துக்கூட்டி, சந்து முழுவதும் கேட்கும்படி வாசித்தேன். 'பொறுமை.'

எனக்கு வந்த சந்தோஷத்துக்கு அளவில்லை. வாப்பா பேச ஆரம்பித்தால் ஜெயிப்பார். பொறுமை ஜெயிக்கும். தந்தி போகும். வாப்பா வீட்டிலேயே இருப்பார். என் கை என்ன ராசியான கை என்று அதை நானே பார்த்துக்கொண்டேன். வாப்பா மட்டும் சிரிக்கவில்லை. சுற்றி நின்றவர்களில் இரண்டு மூன்று பேரும் சிரிக்கவில்லை. ஒருவர் "பாய்க்கு ஏத்த சீட்டுதான்" என்றார். ஏத்த சீட்டுதானே, அதில் என்ன குறை என்று எனக்கு மனசுக்குள் பெருமை.

வீட்டில் வாப்பா சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

"சீட்டுல வந்ததுதானே. பேசிட்டு வாங்களேன்" என்றாள் உம்மா.

"சீட்டுல வந்ததுன்னு எழுதி நெத்தியில ஒட்டிக்கிட்டாப் பேச முடியும்?"

"அப்ப பேசலன்னு சொல்லிருங்க."

"பேசலன்னா, ஏன் பேசலன்னு கேப்பாங்க."

மாமா வழக்கமாக இந்த மாதிரி நேரத்தில் ஏதாவது கிண்டல் செய்வார். அன்று தட்டைப் பார்த்துக்கொண்டு மீன் முள்ளை எடுத்துக்கொண்டிருந்தார். பெரியவர்களே இப்படித்தான், பரிசு வாங்கும் நேரம் வந்தால் பந்தா பண்ணுவார்கள் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை சீனி வாங்க வாப்பா என்னையும் கூட்டிக்கொண்டு கடைக்குப் போனார். சீனியை மறந்துவிட்டு, "அண்ணாச்சி, அந்தச் சீட்ட மாத்திக்கிடலாமா? நான் போர்ப் பக்கம் வாரேன்" என்றார்.

அண்ணாச்சி சிரித்தார். "என்ன பாய், மூணு வாரமா நான் இங்க தொண்ட கிழியக் கத்துதேன். ஒரு நாளாவது ஆமான்னு தலையாட்டியிருப்பீரா? பொறுமைன்னா ஒமக்குன்னே வந்த சீட்டுவே. மனசுல உள்ளத அப்படியே பேசினா ஜமாய்ச்சிருவீரு."

"அதான் பயமா இருக்கு."

அண்ணாச்சி சிரிப்பை நிறுத்தினார். உளுந்து நிறுத்துக்கொண்டிருந்த கை அப்படியே நின்றது. பாலுக்குக் காத்திருந்த இரண்டு பேரைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு சந்துக்குள் எங்கள் இரும்புக் கதவு இருந்த பக்கம் பார்த்தார். ஒரு பிடி பொட்டுக்கடலையை அள்ளி என் கையில் வைத்து, "தின்னுல" என்றார். தோளில் கிடந்த துண்டை எடுத்துக்கொண்டு வெளியே போனார். கரும்பலகையில் போர் அணித் தலைவர் என்று தன் பெயர் இருந்த இடத்தைத் துடைத்தார். வாப்பா பெயரையும் துடைத்தார். இடம் மாற்றி எழுதினார்.

"நமக்கென்னவே, சத்தம் போடணும். எந்தப் பக்கம்னு சத்தத்துக்குத் தெரியுமா?" என்றார்.

"யாராவது கேட்டா?"

"சின்னப் பய தமிழ் வாசிக்கத் தெரியாம மாத்தி வாசிச்சிட்டான்னு சொல்லிக்கிடுதேன்."

என் வாயிலிருந்த பொட்டுக்கடலை தொண்டையில் நின்றது. இரண்டு பேரும் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. பழியை என் தலையில் தூக்கி வைத்துவிட்டு ஒருவர் சீனி கட்டினார், ஒருவர் சீனி வாங்கினார். அன்று சாயங்காலத்துக்குள் சந்து முழுவதும், 'போர்' என்ற இரண்டு எழுத்தையே வாசிக்கத் தெரியாத பயல் என்று எனக்குப் பெயர் வந்துவிட்டது. என் வயதுப் பையன்கள் பிஸ்கட் பாக்கெட்டை நீட்டி இதில் என்ன எழுதியிருக்கிறது வாசி என்றார்கள். அது ஹிந்தியில் இருந்தது.

அவமானத்தைக்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பேன். ஆனால் வாப்பா போர் அணி. வாப்பா பேசினால் ஜெயிப்பார். ஜெயித்தால் தந்தி போகும். கார்டில் முதல் பெயர் அவருடையது. தன்னைத்தானே பட்டாளத்துக்கு அனுப்புவதற்காக ஒரு மனுஷன் ராத்திரி பகலாகக் குறிப்பு எழுதுவதைப் பார்த்துக்கொண்டு நான் எப்படிச் சும்மா இருப்பது? வீட்டில் மூளையோடு இருப்பது நான் ஒருவன்தான் என்று தெரிந்தது. இந்த எண்ணம் எனக்கு அதற்குப் பிறகும் பல தடவை வந்திருக்கிறது, ஒவ்வொரு தடவையும் நாசத்தில்தான் முடிந்திருக்கிறது.

விழா அன்று மத்தியானம் வாப்பா குளிக்கப் போயிருந்தார். இஸ்திரி போட்ட சட்டை ஆணியில் தொங்கியது. பையில் இரண்டு தாள், இரண்டிலும் ஒரு பக்கம் மட்டும் பென்சிலில் எழுதியிருந்தது. கிழித்தால் அடி விழும். ஒளித்தால் தேடுவார்கள். ஆனால் ஒட்டிவிட்டால், பட்டறையில் எது எதோடும் ஒட்டிக்கொள்ளத்தானே செய்யும், யாரையும் குற்றம் சொல்ல முடியாது. தோல் ஒட்டுவதற்கு மாமா எப்போதோ சொல்லிக் கொடுத்த முறைப்படியே செய்தேன். எழுத்து இருந்த பக்கங்களில் சொலுசனை மெல்லிசாகத் தடவி, விரலில் ஒட்டாத அளவுக்குக் காயவிட்டு, ஒன்றின் மேல் ஒன்றை வைத்துச் சுத்தியலால் தட்டினேன். மடித்துப் பையில் வைத்தேன். என் வாழ்க்கையில் நான் நேர்த்தியாகச் செய்த ஒரே பட்டறை வேலை அது.

சாயங்காலம் பள்ளிக்கூட ஹாலில் நல்ல கூட்டம். மாட்டுங்காவிலிருந்து வந்த நடுவர், ஆபீஸில் பெரிய வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு நடுவில் உட்கார்ந்திருந்தார். இந்தப் பக்கம் வாப்பா, அந்தப் பக்கம் அண்ணாச்சி. நான் முதல் வரிசையில் உம்மா பக்கத்தில். மாமா கடைசி வரிசையில், சிநேகிதர்களோடு.

வாப்பாவைக் கூப்பிட்டார்கள். எழுந்தார், வணக்கம் சொன்னார், பையிலிருந்து தாளை எடுத்தார். பிரித்தார். பிரியவில்லை. நகத்தை விட்டுப் பார்த்தார். மைக்குக்குப் பக்கத்தில் அந்தத் தாள் சரசரக்கும் சத்தம் ஹால் முழுவதும் கேட்டது. பிறகு மெதுவாக அதை மூக்கின் அருகே கொண்டுபோனார். அந்த வாசனை அவருக்குத் தெரியாதா? தாளுக்கு மேலாக என்னைப் பார்த்தார். கோபமாகப் பார்த்திருந்தால் எனக்குத் தெரிந்த விஷயமாக இருந்திருக்கும். பயந்துபோய்ப் பார்த்தார்.

வாப்பா தாளை மறுபடி மடித்துப் பையில் வைத்தார். பின்வரிசையிலிருந்து அடையாளம் தெரியாத ஒரு குரல் வந்தது.

"தாளு எதுக்கு பாய்? அந்தப் பக்கம்னா தாளு இல்லாமலே வந்துருக்கும்லா?"

சிலர் சிரித்தார்கள். அது பட்டிமன்றத்தில் சிரிக்கிற சிரிப்பு மாதிரி இல்லை. உம்மாவின் கை என் தோளை இறுக்கியது. மேடையில் அண்ணாச்சி நாற்காலியில் நகர்ந்து உட்கார்ந்து, அந்தக் குரல் வந்த பக்கம் முறைத்தார். வாப்பாவுக்கு இளைப்பு ஆரம்பித்தது. மைக்கில் அவர் மூச்சு விசில் மாதிரிக் கேட்டது.

எனக்கு என்ன ஆனது என்று இன்றும் சொல்லத் தெரியவில்லை. உம்மாவின் கையை உதறிவிட்டு மேடைக்கு ஓடினேன். மைக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, அழுதுகொண்டே கத்தினேன்.

"எங்க வாப்பாவப் பட்டாளத்துக்கு அனுப்பாதீங்க. அவருக்கு இளைப்பு இருக்கு. மாமாவ அனுப்புங்க. மாமாவுக்கு ஒண்ணும் இல்ல, கார்டுல பேரு மட்டும்தான் இல்ல."

ஹால் இடிந்து விழுகிற மாதிரிச் சிரித்தார்கள். மாமா பக்கத்திலிருந்தவர் முதுகுக்குப் பின்னால் குனிந்து மறைந்துகொண்டார். நடுவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "கொழந்தே, அழப்படாது. நீ எந்தக் கட்சி சொல்லு" என்றார்.

"எங்க வாப்பா கட்சி."

"உங்க வாப்பா போர் வேணுங்கற கட்சின்னா?"

"அப்ப நான் அந்தக் கட்சி இல்ல."

மறுபடியும் சிரிப்பு. இந்தத் தடவை எல்லோருக்கும் பழகிய சிரிப்பு. வாப்பா என்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டார். எட்டு வயதுப் பையனை இடுப்பில் வைத்துக்கொண்டு போரை ஆதரித்துப் பேசிய ஒரே பேச்சாளர் அவராகத்தான் இருக்கும்.

"எம் மவன் சொல்லுதது நெசந்தான்" என்று ஆரம்பித்தார். "எனக்கு ஓட முடியாது. சுடத் தெரியாது. கோழி அறுக்கக் கடைக்காரர்ட்ட குடுக்குத ஆளு நான். ஆனா போருக்குப் போறவனுக்கு இடுப்புல வாரு வேணும். முதுகுல பை வேணும். அத நான் தைப்பேன். கூலி வேண்டாம். போன கடைசி ஆளு திரும்பி வீட்டுக்கு வந்து சேருத வரைக்கும் தைப்பேன்."

கைதட்டல் நிற்கவே இல்லை. விசில் அடித்தார்கள். அதற்குப் பிறகு வாப்பா நிறுத்தவே இல்லை. எனக்குத் தெரியாத குரலில், அண்ணாச்சி கடையில் கத்துவதைவிடச் சத்தமாக, போர், போர் என்று பேசினார். இடுப்பில் இருந்த எனக்கு அவர் நெஞ்சு கிடுகிடுவென்று அடித்தது தெரிந்தது. நான் நம்பிக்கை இழந்து அவர் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டேன். மனுஷனைக் காப்பாற்றப் போனால் கூலியில்லாமல் வேறு வேலை செய்கிறேன் என்கிறாரே.

பிறகு அண்ணாச்சி பொறுமைக்காக எழுந்தார். மூன்று வாரமாகப் படிக்கல்லை டங்கென்று வைத்த மனுஷர் நிதானமாகப் பேசினார். அடிக்கிறது ஒரு நிமிஷம், அப்புறம் கதவு வைக்க ஆறு மாசம் ஆகும் என்று ஏதோ சொன்னார். போருக்கும் கதவுக்கும் என்ன சம்பந்தம் என்று எனக்குப் புரியவில்லை. கூட்டத்துக்கும் பிடிக்கவில்லை. "உட்காரும் அண்ணாச்சி" என்றார்கள். "சேலை கட்டிக்கிடும்" என்று ஒருவன் கத்தினான். அண்ணாச்சி உட்காரவில்லை. மணி அடிக்கிற வரைக்கும் முழுதாகப் பேசிவிட்டுத்தான் உட்கார்ந்தார்.

நடுவர் இரண்டு பக்கமும் பேஷ் என்று அரை மணி நேரம் சுற்றி வளைத்துவிட்டு, தேவை போரே என்று தீர்ப்புச் சொன்னார். சிறந்த பேச்சாளர் என்று வாப்பாவுக்குச் சரிகைக் கரை போட்ட சால்வையைப் போர்த்தினார்கள். வெளியே வரும்போது பின்வரிசைக் குரல்காரர்கள் வந்து அவர் முதுகில் தட்டினார்கள். "கலக்கிட்டீரு பாய்." வாப்பா எல்லோருக்கும் சிரித்தார். உம்மா எனக்கு முந்தானையால் மூக்கைத் துடைத்துவிட்டாள். மாமாவிடம் தந்தி எப்போது போகும் என்று கேட்டேன். தபால்காரனுக்கு லீவு என்று சொல்லிவிட்டு, என் முகத்தைப் பார்க்காமல் நடந்தார்.

வீட்டுக்கு வந்ததும் வாப்பா ஒட்டின தாளைப் பையிலிருந்து எடுத்து விளக்கு வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். நான் சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்றேன், அடியை எதிர்பார்த்து.

"காயவிட்டு ஒட்டுனியோ?"

"ஆமா."

"நல்லா ஒட்டியிருக்க" என்றார். அவ்வளவுதான். எனக்கு அடி விழாதது அடியைவிடப் பயமாக இருந்தது.

மறுநாள் காலை அண்ணாச்சி கடைக்குப் போனோம். அதற்குள் சந்தில் அவருக்குப் 'பொறுமை அண்ணாச்சி' என்று பெயர் வைத்துவிட்டிருந்தார்கள். கடைக்கு முன்னால் நின்ற ஒருவர், "பொறுமை அண்ணாச்சி, கொஞ்சம் பொறுமையா நிறுத்துப் போடும்" என்றார். அண்ணாச்சி குனிந்து நிறுத்துப் போட்டார். வாப்பா கையில் நியூஸ் பேப்பர் சுற்றிய பொட்டலம். அந்த ஆள் போகும்வரை காத்திருந்து பிரித்தார். நேற்றைய சால்வை. பருப்புத் தூசி படிந்த அண்ணாச்சியின் பனியன் மேல் அதைப் போர்த்தினார்.

"என்னவே இது. செயிச்சவரு தோத்தவனுக்கா போர்த்துவாரு?"

"குளிருக்குப் போர்த்திக்கிடுங்க."

"மே மாசத்துலயா?"

"ஆமா."

இரண்டு பேரும் சிரிப்பார்கள் என்று நான் முகத்தைத் தயாராக வைத்திருந்தேன். சிரிக்கவில்லை. அண்ணாச்சி சால்வையைக் கழற்றவும் இல்லை. கழுத்தில் வேர்வை வழிய, அதைப் போர்த்திக்கொண்டே எங்களுக்கு அரைக் கிலோ உளுந்து நிறுத்தார். அன்று தட்டு எங்கள் பக்கம் நன்றாகவே தாழ்ந்தது.

எனக்கு வந்த கோபம் சொல்லி முடியாது. அந்தச் சால்வையை முதுகில் கட்டிக்கொண்டு ஏணியிலிருந்து குதிப்பதற்கு நான் ராத்திரியே திட்டம் போட்டு வைத்திருந்தேன். நியாயம் என்று ஒன்று இல்லையா? சீட்டைச் சரியாக வாசித்தவன் நான், கெட்ட பெயர் எனக்கு. ஜெயித்தது நாங்கள், சால்வை தோற்றவருக்கு. மூன்று நாள் விடாமல் உம்மாவிடம் இதையே சொல்லிப் புலம்பினேன். உம்மா ஒவ்வொரு தடவையும் "ஆமால" என்று மட்டும் சொல்லி, அந்த உளுந்தில் சுட்ட தோசையை இன்னொன்று என் தட்டில் போட்டாள். நானும் கோபத்தோடேயே தின்றுகொண்டிருந்தேன்.